நான் கையெழுத்திட்ட கெளுத்தி

அக்டோபர் 6, திங்கள்

விடியற்காலையிலிருந்தே புழுக்கம். வடக்கே கருமேகம். மழை இல்லை.

முதலில் ஒரு திருத்தம். ஊரில் சொல்வது போல நான் பாஸ்கரை உலக்கையால் அடிக்கவில்லை. கைத்தடியால். இரண்டு முறை. முதல் அடி மணிக்கட்டில், இரண்டாவது காதோரம். ரத்தம் வந்தது இரண்டாவதில்தான். எனக்குப் புத்தி பிசகவும் இல்லை. அடிக்க வேண்டும் என்று நினைத்தேன், அடித்தேன்.

பாஸ்கர் என் கணவரின் தம்பி மகன். நாற்பத்திரண்டு வயது. பாகம் பிரித்தபோது வீட்டுக்குப் பின்னால் இரண்டு வயல் தள்ளி உள்ள பண்ணைக்குட்டை அவன் பங்கில் போயிற்று. அதில் மீன் வளர்க்கிறான். மூன்று நாளாக நாற்றம் என் சமையலறை வரை. அதனால் காலை ஆறு மணிக்குப் போய்ப் பார்த்தேன்.

எளாவூர் பக்கமிருந்து வந்த ஒரு டெம்போ கரையில் பின்பக்கமாக நின்றது. பிராய்லர் கடைக் கழிவு. குடல், தலை, கால், இறகு. கொட்டியதும் தண்ணீர் கொதித்தது. மீன் மேல் மீன். ஒன்றின் வால் இன்னொன்றின் வாய்க்குள். ஒரு மீன் கரைக்கே ஏறி, பக்கத்துத் துடுப்புகளை ஊன்றி, கோழித்தலை ஒன்றை நோக்கி நகர்ந்தது. வேலையாள் மண்வெட்டியைத் திருப்பிப் பிடித்து அடித்தான். நான்கு அடி. தலை நசுங்கியும் வால் நிற்கவில்லை. காலால் உதைத்துத் தண்ணீரில் தள்ளினான். அது மூழ்கும் முன்பே மற்றவை பிய்த்துவிட்டன.

கரையில் நின்ற பாஸ்கரிடம், இது என்ன மீன் என்று கேட்டேன்.

"இன்னா பெரியம்மா, தெரியாத மாரி கேக்குறீங்க? நீங்க எழுதிக் குடுத்த மீனுதான்."

சட்டைப் பையிலிருந்து எடுத்தான். என் கடிதம். லேமினேட் செய்து வைத்திருக்கிறான். கீழே என் கையெழுத்து, வளைவு மாறாமல்.

அப்போதுதான் அடித்தேன்.

அக்டோபர் 7, செவ்வாய்

வெயில். பால் திரிந்துவிட்டது. எலுமிச்சை ஊறுகாயில் பூசணம், கொட்டச் சொன்னேன்.

கடிதத்தின் கதையை ஒழுங்காக எழுதி வைக்க வேண்டும். வேறு யாரும் சரியாகச் சொல்லப் போவதில்லை.

ஏப்ரல் மாதம். மீன்வள அலுவலகத்திலிருந்து குட்டையைப் பார்க்க வருவதாகத் தகவல். ஆப்பிரிக்கக் கெளுத்திக்குத் தடை. நாட்டுக் கெளுத்திக்கு இல்லை. பாஸ்கர், இனி பா. என்றே எழுதுகிறேன், ஒரு வாளியில் சாண் நீள மீன் ஒன்றைக் கொண்டுவந்தான். செத்தது. நீங்கள் எழுதிக் கொடுத்தால் ஆபீஸில் மறுபேச்சு கிடையாது என்றான். அது உண்மைதான். முப்பத்தோரு வருடம் மேல்நிலைப் பள்ளியில் விலங்கியல். இந்தப் பக்கத்தில் பாதிப் பேர் என் மாணவர்கள், இல்லையென்றால் அவர்களின் பிள்ளைகள்.

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அதையும் எழுதுகிறேன். சந்தோஷம்.

நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை. இருந்த இடத்திலிருந்தே வாளியைப் பார்த்து, நாட்டுக் கெளுத்தி என்றேன். பிறகு அரை மணி நேரம் பாடம். கெளுத்தி இனங்களிலேயே ஆதியானவை எவை? டிப்ளோமிஸ்டிடே குடும்பம். நன்னீர் மீன்கள். சிலியிலும் அர்ஜென்டினாவிலும் உள்ள ஆறுகளில் மட்டும். மற்ற கெளுத்திகளுக்கு மேல்தாடையின் பின் எலும்பு சுருங்கி, மீசையைத் தாங்கும் குச்சியாகிவிட்டது. இவற்றுக்கு மட்டும் அந்த எலும்பில் இன்றும் பல் உண்டு. கையைக் கட்டிக்கொண்டு கேட்டான். இவ்வளவு கவனமாக அவன் எதையும் கேட்டதில்லை.

மறுநாள் தட்டச்சு செய்து கொண்டுவந்தான். கையெழுத்துப் போட்டேன். படிக்கவில்லை.

அதில் இருந்தது: 'மேற்படி மீன்கள் டிப்ளோமிஸ்டிடே எனும் ஆதிகால நாட்டுக் கெளுத்திக் குடும்பத்தைச் சேர்ந்தவை என்று சான்றளிக்கிறேன்.'

ஆசியாவிலும் இல்லாத, ஆப்பிரிக்காவிலும் இல்லாத மீன், எளாவூர் ரோட்டுப் பக்கத்துக் குட்டையில் இருப்பதாக நான் சான்று கொடுத்திருக்கிறேன். குட்டை வாசலில் பலகையும் வைத்திருக்கிறான்: டிப்ளோமிஸ்டிடே மீன் பண்ணை. அந்தப் பெயரில் கம்பெனி கேன்டீன்களுக்கு மீன் போகிறது. அதிகாரிகள் வந்தார்களாம், படித்தார்களாம், போய்விட்டார்களாம்.

கான்வென்டில் எங்களுக்கு விலங்கியல் எடுத்த சிஸ்டர் ஞாபகம். மைக்ரோஸ்கோப்பில் பார்க்காததைப் படத்தில் வரைந்தால் பக்கத்தைக் கிழிப்பார். பிறகு அளவுகோலின் விளிம்பால் விரல் முட்டியில். ஒரு முறை எனக்கு எலும்பு வரை தெரிந்தது. அதற்குப் பிறகு நான் வரைந்ததே இல்லை, பார்க்காமல்.

ஏன் கடிதத்தைப் படிக்கவில்லை என்பதை இன்று எழுத விருப்பமில்லை.

அக்டோபர் 8, புதன்

மேகமூட்டம். கண் சொட்டு மருந்து காலை ஒன்று, மாலை ஒன்று. வீட்டு வேலைக்கு வரும் முனியம்மாவிடம் தூசி என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

ஏரியில் மீன் பிடிக்கும் ஏகாம்பரத்தை வரச் சொல்லியிருந்தேன். கோணியில் ஒரு மீன் கொண்டுவந்தார். குட்டையில் பிடித்ததல்ல. ஏரியில் பிடித்தது. போன மழையில் குட்டையிலிருந்து இரண்டு மூன்று மீன் கரை தாண்டியிருக்கும் என்கிறார். என் கை நீளம். பிடித்து நாலு மணி நேரம், உயிர் போகவில்லை.

முனியம்மா அம்மிக் குழவியால் தலையில் போட்டாள். மூன்று முறை. "இது சாவ மாட்டேன்னுதும்மா" என்று குழவியைக் கீழே வைத்துவிட்டாள். நான்காவது முறை நான் போட்டேன். மூக்கில் ரத்தம் தெறித்தது. என் மூக்கில்.

அலுமினியத் தட்டு, கணவரின் பழைய ஷேவிங் பிளேடு, பூதக்கண்ணாடி. வயிற்றில் இருந்தவை:

விரால் குஞ்சு 11
கெண்டை, அரைகுறையாகச் செரித்தது
நண்டு, ஓட்டோடு
தவளை 2
நீர்க்கோழிக் குஞ்சு 1, இறகு நனைந்து, கால் மடங்கி, முழுசாக

ஏ. அந்தக் குஞ்சையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தலையின் பின்பக்க எலும்பைச் சுரண்டிப் பார்த்தேன். நாட்டுக் கெளுத்திக்கு அது ஒரே முனையாக முடியும். இதற்கு முனை உடைந்து அலை போல. ஆப்பிரிக்கக் கெளுத்தி. சந்தேகமில்லை. மேல்தாடையின் பின் எலும்பையும் பிரித்தேன். மெல்லிய குச்சி. பல் இல்லை. இருக்காது என்று தெரியும், இருந்தாலும் பார்த்தேன். இந்த முறை பார்த்துவிட்டு எழுதுகிறேன்.

ஏ. கேட்டது ஒன்றே ஒன்று. குட்டைக் கரைக்கும் தண்ணீருக்கும் இரண்டு சாண்தான் இடைவெளி. ஐப்பசி மழையில் அது வழிந்து ஏரிக்குள் போகும். இரண்டு மீனுக்கே இப்படி என்றால், மொத்தமும் இறங்கினால்?

"ஏரில எங்களுக்கு ஒண்ணும் மிஞ்சாது டீச்சரம்மா. பாம்பு கூட மிஞ்சாது."

மழைக்கு முன் குட்டையை இறைத்து, மொத்தத்தையும் கொன்று புதைக்க வேண்டும். அலுவலகம்தான் உத்தரவு போட வேண்டும். போட விடாமல் நிற்பது என் கடிதம்.

அக்டோபர் 10, வெள்ளி

மேகம் இறங்கி நிற்கிறது. மழை இல்லை.

காலை ஒன்பது மணிக்கு ஏகாம்பரமும் இன்னும் மூன்று பேரும் குட்டைக்குப் போயிருக்கிறார்கள். பேசத்தான். முனியம்மா ஓடிவந்து சொன்னாள். நான் போய்ச் சேரும்போது ஏ. கரைச் சேற்றில் மண்டியிட்டிருந்தார். எதிரே பா.வின் வேலையாள், கையில் மண்வெட்டிக் காம்பு. வாயில் அடித்திருக்கிறான். ஏ. சேற்றில் விரலால் துழாவிக்கொண்டிருந்தார். அடி பட்ட மயக்கம் என்று நினைத்தேன். பல்லைத் தேடிக்கொண்டிருந்தார்.

நான் நடுவில் போவதற்குள் ஏ.வின் மைத்துனன் குட்டைக்குள் இறங்கி, ஒரு மீனை வாலோடு பிடித்துத் தூக்கி, பா.வின் முகத்தில் வீசி அடித்தான். உயிர் மீன். துடுப்பு முள் கன்னத்தில் ஏறி, இழுத்துக்கொண்டு போனது. வாயோரத்திலிருந்து காது வரை. பா. ஒரு கையால் கன்னத்தைப் பொத்திக்கொண்டு, இன்னொரு கையில் பிடித்திருந்த லேமினேட் காகிதத்தை இறக்கவே இல்லை. அதன் மேல் ரத்தம் வழிந்தது, உள்ளே போகவில்லை. என் கையெழுத்து சுத்தமாகத் தெரிந்தது.

இருவரையும் ஒரே ஆம்புலன்ஸில் கும்மிடிப்பூண்டிக்கு அனுப்பினோம். வேறு வண்டி இல்லை. எதிரெதிரே உட்கார்ந்து, இருவரும் ரத்தத்தைத் துப்பிக்கொண்டு. ஏறும் முன் ஏ. என்னிடம் சொன்னார். பல் போன வாய், இருந்தும் தெளிவாகப் புரிந்தது.

"உங்க காயிதத்த மூஞ்சிக்கு நேரா ஆட்டிக்கினேதான் அடிக்கச் சொன்னான் டீச்சரம்மா. டீச்சரவிட நீ படிச்சவனாடான்னு."

மேல்தாடை, முன்பற்கள் இரண்டு. ஒன்று கிடைத்தது. என் கைக்குட்டையில் இருக்கிறது.

அக்டோபர் 11, சனி

சாரல். விட்டு விட்டு.

மீன்வள அலுவலகத்துக்கு போன். பேசியது ஒரு பெண் அதிகாரி. மரியாதையாகத்தான் பேசினாள். நான் சொன்னதை எல்லாம் கேட்டாள். அலை போன்ற எலும்பு வரை கேட்டாள். பிறகு:

"மேடம், நீங்களேதான் சான்று குடுத்திருக்கீங்க. இப்போ நீங்களே இல்லைன்றீங்க. உங்களுக்கு ஞாபக மறதின்னு அவங்க தரப்புல எழுதிக் குடுத்திருக்காங்க. நான் எதை நம்புறது?"

நியாயமான கேள்வி. என் வகுப்பில் உட்கார்ந்து இப்படிக் கேட்டிருந்தால் மதிப்பெண் கொடுத்திருப்பேன். ஏப்ரலில் சரியாக இருந்த டீச்சர் அக்டோபரில் தவறா, ஏப்ரலில் தவறிய டீச்சர் அக்டோபரில் சரியா? காரணம் இல்லாமல் யாரும் தன் சான்றை மாற்ற மாட்டார்கள். காரணத்தை எழுத்தில் கொடுங்கள் என்றாள்.

பிற்பகல் முழுவதும் பீரோவைச் சுத்தம் செய்தேன். செய்யத் தேவையில்லை.

அக்டோபர் 12, ஞாயிறு

மழை. நிற்காமல் காலையிலிருந்து. முனியம்மா குட்டைக் கரை பார்த்து வந்தாள். ஒரு சாண்.

பா. வந்தான். கன்னத்தில் பதினாலு தையல். செருப்பைக் கழற்றாமல் உள்ளே வந்தான், இதுவரை செய்ததில்லை. பெங்களூரில் இருக்கும் என் மகளுக்கு போன் செய்துவிட்டானாம். அவள் வந்து என்னை அழைத்துக்கொண்டு போவாளாம்.

"வயசாயிட்ச்சி பெரியம்மா. அடிக்கிறீங்க, மறக்குறீங்க, மாத்திப் பேசுறீங்க. ஆபீஸ்ல யாரும் இனி உங்கள நம்ப மாட்டாங்க. பேஜாரு பண்ணாம இருங்க."

கைத்தடி பக்கத்திலேயே இருந்தது. தொடவில்லை. தொட்டால் அவன் சொன்னது நிரூபணம். அந்தத் தையலின் மேல், சரியாக நடுவில், எங்கே அடித்தால் பிரியும் என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். அவன் போகும் வரை.

இப்போது எழுதிவிடுகிறேன். மார்ச் மாதமே கண் டாக்டர் சொல்லிவிட்டார். வலது கண்ணில் புரை முற்றிவிட்டது, இடதிலும் பாதி. ஏப்ரலில் அந்த வாளிக்குள் எனக்குத் தெரிந்தது ஒரு கறுப்பு. மீன் என்பதே அவன் சொல்லித்தான். தட்டச்சு செய்த காகிதத்தில் தெரிந்தது சாம்பல் கோடுகள். கண் தெரியவில்லை என்று சொல்லியிருந்தால் அரை நொடி வேலை. சொல்லவில்லை. நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து, சிலியைப் பற்றிப் பேசினேன். ஜூலையில் பெங்களூருக்கு மகள் வீட்டுக்குப் போவதாகச் சொல்லி, ஆபரேஷன் செய்துகொண்டு வந்தேன். மகளுக்கு மட்டும் தெரியும்.

டாக்டர் சீட்டு பீரோவில்தான் இருக்கிறது. நேற்றே எடுத்து வைத்துவிட்டேன்.

ஊரே படிக்கும். பா. படிப்பான். என் மாணவர்கள் படிப்பார்கள்.

அக்டோபர் 13, திங்கள்

மழை. கரைக்கு நாலு விரல். முனியம்மாவின் மகள், வேலைக்குப் போகும் தேர்வாய் கண்டிகை கம்பெனி பஸ்ஸை விட்டுவிட்டு, இதை நேரில் கொண்டுபோய்க் கொடுக்கிறேன் என்று வாசலில் குடையோடு நிற்கிறாள். நகல்:

'மீன்வள அதிகாரி அவர்களுக்கு,

ஏப்ரலில் நான் கையெழுத்திட்ட சான்று தவறானது. அதை ரத்து செய்யக் கோருகிறேன்.

அன்று எனக்கு மறதி இல்லை. பார்வை இல்லை. மார்ச் மாதத்து மருத்துவச் சீட்டும் ஜூலை மாதத்து அறுவை சிகிச்சைச் சீட்டும் இணைத்துள்ளேன். மீனையும் பார்க்கவில்லை, கடிதத்தையும் படிக்கவில்லை. பார்வை இல்லை என்று சொல்ல வெட்கப்பட்டு மறைத்தேன். யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை. தவறு முழுவதும் என்னுடையது.

டிப்ளோமிஸ்டிடே குடும்ப மீன் இந்த நாட்டில் எங்கும் இல்லை. குட்டையில் இருப்பது தடை செய்யப்பட்ட ஆப்பிரிக்கக் கெளுத்தி. ஏரியில் பிடிபட்ட ஒன்றை இரண்டு கண்ணும் தெரிந்த நிலையில் இம்மாதம் எட்டாம் தேதி அறுத்துப் பார்த்தேன். அதன் தலை எலும்பு உப்பில் போட்டு இத்துடன் வருகிறது. கூடவே ஒரு பல் இருக்கிறது. அது மீனுடையது அல்ல. என் சான்றை நம்பியவர்கள் உடைத்த மனிதப் பல். அதன் சொந்தக்காரர் பெயர் ஏகாம்பரம். அவர் சம்மதத்தோடு அனுப்புகிறேன்.

தண்ணீர் கரையைத் தொட நாலு விரல் இருக்கிறது. இன்றோ நாளையோ ஆள் அனுப்பி, குட்டையை இறைத்து, மீன்களைக் கொல்ல உத்தரவிட வேண்டும். கொல்லும்போது நான் கரையில் நிற்பேன்.

போனில் பதில் வேண்டாம். எழுத்தில் பதில் கொடுங்கள்.'