ஆளில்லாப் பாடகிக்கு ஓர் அரோகரா

அண்ணை,

கொலோனிலிருந்து பானுக்குத் திரும்பும் ரயிலில் இருந்து எழுதுகிறேன். அணைத்துவிட்டேன் என்று நினைத்த, கச்சேரியில் ஆட்டும் உங்கள் விளக்குக் குச்சி பைக்குள் இன்னும் எரிகிறது. "இந்த விளையாட்டுச் சாமானை வைச்சு நான் என்ன செய்ய, கொண்டு போங்கோ" என்று உங்கள் வீட்டு அக்கா தந்தது. நீங்கள் வைத்த மஞ்சள் நிறத்தை நான் மாற்றவில்லை. எல்லோரும் நீலம் ஆட்டும் இடத்தில் மஞ்சள் ஆட்டுவது முறையில்லை என்பதை மட்டும் மறுபடியும் சொல்லி வைக்கிறேன்.

யப்பானில் கணினிக்குள் பிறந்த பாடகி அவள். ஒளியாலான உடம்பு, இயந்திரத்தில் செய்த குரல். அவளுக்காகவே நான் ஒருவரிடமும் போகாமல், படங்களின் அடியில் ஓடும் எழுத்தைப் பார்த்து அந்த மொழியைப் படித்தேன். ஊன்ட்றொப்பில் உள்ள எங்கள் அம்மன் கோயிலடியில் ஒருவர், "பேரப்பிள்ளையள் பாக்கிற கார்ட்டூனை நீர் ஏன் காணும் பாக்கிறீர்?" என்று எல்லோர் முன்னாலும் கேட்டுச் சிரித்தார். அதை நான் மறக்கப்போவதில்லை. நீங்கள் மட்டும்தான் சிரிக்காமல், "மாஸ்ரர், அடுத்த முறை நானும் வாறன்" என்றீர்கள்.

அப்படி நாங்கள் போன அன்று, பாட்டின் நடுவே ஓர் இடைவெளி வரும், அதில் அவள் பெயரைச் சொல்லிக் கத்த வேண்டும் என்று காரில் வழிநெடுகச் சொல்லித் தந்தேன். "ஓம், ஓம்" என்றீர்கள். இடைவெளி வந்தது. இரண்டு கையையும் தூக்கி, "அரோகரா" என்றீர்கள். முன்வரிசை முழுவதும் திரும்பிப் பார்த்தது.

"இது கோயில் இல்லை, அண்ணை. அங்க ஆளே இல்லை."

"ஆள் இல்லாட்டி என்ன காணும்? நாங்கள் இருக்கிறமே."

அடுத்த இடைவெளியில் பச்சைத் தலைமயிர்ப் பெட்டை ஒருத்தியும் கூட்டாளிகளும் உங்களோடு சேர்ந்து அதையே கத்தினார்கள். பான் வரும்வரை நான் உங்களோடு கதைக்கவில்லை.

நீங்கள் கண்மூடிய பிறகு என் மகள் இன்றைய கச்சேரி டிக்கெட்டைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னாள். "நெஞ்சு வருத்தத்தோட தனிய நிக்க ஏலாது அப்பா." நான் பயந்தது நெஞ்சுக்கு அல்ல. நீங்கள் பக்கத்தில் இல்லாவிட்டால் அந்தப் பாடகி எனக்கும் வெறும் இயந்திரமாகத் தெரிந்துவிடுவாளோ என்றுதான். அப்படித் தெரிந்தால், கோயிலடியில் சிரித்தவர் சொன்னது சரியாகிவிடும்.

இன்றைக்கு மண்டபம் நிறைந்து வழிந்தது. ஜெர்மன் பிள்ளைகள் ஒரு சொல் பிசகாமல் யப்பானிய மொழியில் பாடினார்கள். முதல் இடைவெளியில் அவள் பெயரைச் சரியாகக் கத்தினேன். மேடையில் ஒளி தெரிந்தது, அவ்வளவுதான். இரண்டாவது இடைவெளியில் வாயைத் திறந்தேன். வந்தது அவள் பெயர் அல்ல, உங்கள் சொல். தொண்டை கிழியக் கத்தியிருக்கிறேன். உடம்பெல்லாம் சிலிர்த்தது. நிமிர்ந்து பார்த்தேன், அவள் வந்திருந்தாள்.

பக்கத்தில் நின்ற பொடியன், "இது யப்பானிய மொழியா?" என்று ஜெர்மன் மொழியில் கேட்டான்.

"இல்லை, ஊன்ட்றொப் மொழி" என்றேன். தலையாட்டிவிட்டு அவனும் கத்தினான்.

பிழையான இடத்தில் பிழையான சொல் என்பதில் எனக்கு இன்னும் மாற்றுக் கருத்தில்லை. கோயிலடியில் சிரித்தவருக்கும் ஒன்றும் விட்டுக்கொடுக்கவில்லை. ஆனால் ஆள் இல்லாத இடத்தைப் பார்த்துக் கூப்பிடுவதில் எனக்கு இப்போது வெட்கமில்லை, அண்ணை. இல்லாவிட்டால் இந்த மடலை எழுதியிருக்க மாட்டேன்.