மூன்றாவது கட்டம்

நெல்லித்தோப்பு, புதுச்சேரி
ஞாயிறு

அன்புள்ள கவிநிலாவுக்கு,

இங்கே நான், மாப்பிள்ளை, குழந்தை மூவரும் சுகம். நீ சுகம் என்று போனில் சொல்வதைப் பாதிதான் நம்புகிறேன். சத்தீஸ்கர் முகாமில் உன் பக்கத்தில் எந்த அதிகாரி நிற்கிறார் என்று தெரியாததால் நானும் பாதிதான் பேசுகிறேன், மீதி இதில். செல்விக்குச் சளி விட்டுவிட்டது, எல்.கே.ஜி. யூனிஃபார்முக்கு அளவு கொடுத்தாயிற்று. அம்மா எப்ப வரும் என்று கேட்கிறாள், கோர்ட் சொல்லட்டும் என்று நான்கு வயதுக் குழந்தையிடம் எப்படிச் சொல்வது.

மாற்றல் உத்தரவுக்குத் தடை கேட்கும் மனு தயார். அதோடு வைக்க வேண்டிய பிரமாணப் பத்திரம் இந்தக் கவரில் இருக்கிறது. அங்கே நோட்டரி முன்னால் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டு வெள்ளிக்கிழமைக்குள் ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பு. இருபதாம் தேதி உன்னை மணிப்பூருக்கு விடுவித்துவிட்டால் பிறகு தடை வாங்குவது கஷ்டம் என்கிறார் வக்கீல் வின்சான். ஆனால் கையெழுத்துக்கு முன் ஏழாவது பத்தியைப் படி. அதில் இரண்டு வரிகளைக் கோடு போட்டு அடித்திருக்கிறேன். முதல் வரி, உன் அம்மா படுத்த படுக்கை என்பது. முட்டி வலியோடு பெரிய மார்க்கெட்டுக்கு நடந்து போய் மீன் வாங்கி வருகிறவள் நான். வின்சானிடம் சொன்னேன், சிரித்தார். “உங்கள நெசமாவா படுக்கச் சொல்றேன், பேப்பர்ல படுத்துக்குங்க மேடம்” என்றார். பேப்பரில் படுத்தவளை மார்க்கெட்டில் யாராவது போட்டோ எடுத்தால் என்ன செய்வது என்று கேட்டேன். மாப்பிள்ளை வினோத்குமாருக்குத்தான் கோபம். உங்க நேர்மைக்கு எம் பொண்ணு ஏன் அம்மா இல்லாம வளரணும் அத்தை என்று கேட்டுவிட்டு ஷிஃப்ட்டுக்குப் போனவர் மூன்று நாளாக என்னோடு பேசவில்லை. சாப்பாட்டு டப்பாவை மட்டும் எடுத்துப் போகிறார்.

இரண்டாவது வரிதான் பெரிது. தமிழ்நாட்டுக்கு வெளியே எங்கும் போக நீ எழுத்தில் சம்மதித்ததே இல்லை என்று இருந்தது. உத்தரவிலோ “சொந்த விருப்பத்தின் பேரில்” என்று போட்டிருக்கிறார்கள். அது பச்சைப் பொய் என்று நானும் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். நேற்றுப் பழைய வாட்ஸப் படங்களைத் தேடும்போது ஜனவரியில் நீ அனுப்பிய மாற்றல் விருப்பப் படிவத்தின் படம் கிடைத்தது. முதல் கட்டத்தில் சென்னை. இரண்டாவதில் அரக்கோணம். மூன்றாவது காலி. கீழே என் பதில், எந்தக் கட்டத்தையும் காலியாக விடாதே, ஏதாவது எழுது. இருபது வருஷம் விடைத்தாள் திருத்தியவளின் புத்தி. பத்து நிமிஷம் கழித்து நீ அனுப்பிய இரண்டாவது படத்தில் அந்தக் கட்டத்தில் “எனிவேர்” என்று இருக்கிறது. நான் சரி என்று போட்டிருக்கிறேன். தமிழ்நாட்டில் எங்கே வேண்டுமானாலும் என்றுதான் நீ நினைத்திருப்பாய், கட்டம் சின்னது. அதைப் பிடித்துக்கொண்டுதான் மணிப்பூர் போட்டிருக்கிறார்கள். அந்தப் படிவத்தை அவர்கள் கோர்ட்டில் நீட்டினால் நீ சொன்ன மற்ற உண்மைகளையும் நீதிபதி நம்ப மாட்டார்.

படத்தை வின்சானிடம் காட்டினேன். “நாமளே இதச் சொன்னா கேஸ்ல பாதி போயிடும்” என்றார். மீதிப் பாதி போதும் என்றேன். சத்தீஸ்கர் காட்டில் மூன்று வருஷம் முடித்தவர்களுக்குக் கேட்ட ஊர் தர வேண்டும் என்பது உங்கள் படையின் விதி, அது ஆறாவது பத்தியில் அப்படியே இருக்கிறது. ஜெயிக்கும் என்று நான் சொல்லவில்லை, எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது.

வேளாவேளைக்குச் சாப்பிடு. நோட்டரியைத் தேடித் தனியாக டவுனுக்குப் போகாதே, கூட ஒருத்தியை அழைத்துப் போ. நீயும் உன் குழந்தையும் ஒரே கூரைக்குக் கீழே இருக்கும் நாள் சீக்கிரம் வரட்டும். ஏழாவது பத்திக்குக் கீழே ஐந்து வரிக்கு இடம் இருக்கிறது. நடந்ததை உன் கையால் எழுது, அம்மா சொல்லித்தான் எழுதினேன் என்பதையும் சேர்த்து எழுது. அதற்கு மேல் இடம் மிச்சமிருந்தால், இந்த முறை காலியாகவே விட்டுவிடு.

உன் அம்மா,
சந்திரகலா