இடாப்பில் இல்லாத பிறந்தநாள்

14.07.2009, செவ்வாய் இரவு

இன்று என் ஏழாம் வகுப்பில் தர்ஷினி எல்லாருக்கும் ஒவ்வொரு டொபி கொடுத்தாள். பிறந்தநாளாம். எனக்கு மட்டும் மூன்று தந்தாள். வகுப்பு வரவு இடாப்பில் அவளுடைய பிறந்தநாள் சித்திரை என்று இருக்கிறது. இடைவேளையில் தனியாகக் கூப்பிட்டுக் கேட்டேன்.

"அது பள்ளிக்கூடத்துப் பிறந்தநாள் டீச்சர். உண்மையானது இண்டைக்குத்தான். எனக்குப் பதினாலு முடியுது."

இடாப்பின்படி அவளுக்குப் பன்னிரண்டு. சுனாமியில் பிறப்புப் பத்திரம் போனபிறகு, புதிதாகப் பதியும்போது தாய் இரண்டு வயதைக் குறைத்துச் சொல்லியிருக்கிறா. சண்டைக்குச் சேர்க்க வீடு வீடாகப் பிள்ளை பிடித்த காலம் அது.

"இப்ப சொல்லலாம் எண்டு அம்மா சொன்னாவா?"

"ஓம் டீச்சர். சண்டை முடிஞ்சுதுதானே."

"எனக்கு ஏன் புள்ள மூண்டு டொபி?"

"குறைச்ச ரெண்டு வயசுக்கும் சேத்து."

இடாப்பைத் திருத்துவதா, அப்படியே விடுவதா தெரியவில்லை. திருத்தப்போய், ஏன் குறைத்தீர்கள் என்று யாராவது தாயிடம் கேட்டால்...

ஆனால் அதைவிட, வகுப்பில் வேறு யாருக்கும் இப்படி இருக்குமா என்று அறிய எனக்கு ஆசையாக இருந்தது. கடைசிப் பாடத்தில், அடுத்த பிறந்தநாள் யாருக்கு என்று சும்மா கேட்பதுபோலக் கேட்டேன். முன்வரிசைப் பிள்ளைகள் திரும்பிப் பின்னால் பார்த்தார்கள். பிறகு, என்னைவிட உயரமாக வளர்ந்துவிட்ட கவிதா பின்வரிசை வாங்கில் எழும்பினாள்.

"அம்மாட்டக் கேட்டுட்டு நாளைக்குச் சொல்லவா டீச்சர்?"

அவளுக்குப் பக்கத்தில் இருந்த நாலு பேரும் மெல்ல எழும்பினார்கள்.

"நாங்களும் கேட்டுட்டு வாறம் டீச்சர்."