எறும்பு நுழையாத கல்

1985 ஜூன் 12, புதன்

ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் செய்த அட்டை உருவங்களைத் திருத்த வீட்டுக்குக் கொண்டுவந்தேன். சாப்பாட்டு மேசை முழுக்க அட்டை. ராஃபேல் வேலை முடிந்து வந்து, தட்டு வைக்க இடமில்லை என்று முனகிக்கொண்டே ஒவ்வொன்றாக நகர்த்தினார். நகர்த்தியவர் அடுக்க ஆரம்பித்தார். சோறு ஆறிப்போனது.

கிள்ளானில் பழைய புத்தகக் கடையில் வாங்கிய வடிவியல் புத்தகத்தில் இருந்த உருவம் அது. கூரை மாதிரி இரண்டு முக்கோணப் பட்டகங்கள். ஒன்றைக் கவிழ்த்து, கால் சுற்றுத் திருப்பி, அடியோடு அடி ஒட்ட வேண்டும். நான்கு சதுரம், நான்கு முக்கோணம். பார்க்கக் கோணல்மாணலாக இருக்கும். ஆனால் எத்தனை அடுக்கினாலும் நடுவில் இடைவெளியே விழாது.

“இது பேரு என்னா?” என்றார்.

“ஜைரோபைஃபாஸ்டிஜியம்.”

“யேசுவே” என்றார். பிறகு, “எறும்புகூட நுழையாது போலிருக்கே?”

“நுழையாது” என்றேன். டீச்சர் அல்லவா, பெருமை.

அவர் சிரிக்கவில்லை. தோட்டத்துக் கடல் தடுப்புக்கரையை நினைத்துக்கொண்டிருந்தார். கட்டட வேலைகளை மேற்பார்க்கும் மண்டோர் அவர்தான். போன அக்டோபர் ஏற்றத்தில் கருங்கல் குவியலின் சந்து வழியாகக் கடல் தண்ணீர் புகுந்து முதல் லயத்து வீடுகளின் வாசல்வரை வந்தது. இந்த வருடமும் வந்தால் தலை போகும் என்று தோட்டத் துரை சொல்லியிருக்கிறார்.

1985 ஜூன் 16, ஞாயிறு

பூசை முடிந்து ஃபாதரிடம் அந்தப் பெயரைக் காட்டினேன். கண்ணாடியை நெற்றிக்குத் தூக்கிவிட்டுப் படித்தார். ‘ஃபாஸ்டிஜியம்’ என்றால் லத்தீனில் கூரை முகடு, ‘பை’ இரண்டு, ‘ஜைரோ’ திருப்பியது என்றார். திருப்பி வைத்த இரட்டைக் கூரை. பெயர் புரிந்ததும் கொஞ்சம் பிடித்துப்போனது.

1985 ஜூலை 6, சனி

ராஃபேல் பன்னிரண்டு சின்ன மரக்கட்டைகள் செதுக்கித் துரையிடம் காட்டினார். துரை மேசையில் அடுக்கிப் பார்த்துவிட்டுத் தலையாட்டிவிட்டாராம். பலகையில் அச்சுப் பெட்டி தயார். முதல் சிமெண்டுக் கல் இன்று வெளியே வந்தது. அவரிடம் கொத்து வேலை செய்யும் சன்னாசி அதைத் தட்டிப் பார்த்துவிட்டு, “வாயில நுழையாத பேரெல்லாம் வேணாம்லா. இது டீச்சர் கல்லு” என்றானாம். தோட்டம் முழுக்க அதே பெயர்.

எனக்கு ஏனோ திக்கென்றது. எனக்குப் பயப்படப் பெரிய காரணம் வேண்டாம். பஸ் ஐந்து நிமிடம் தாமதித்தால் போதும், மனதுக்குள் ஒரு விபத்தை நடத்தி முடித்துவிடுவேன்.

1985 ஆகஸ்ட் 9, வெள்ளி

கல், கல், கல். அவர் தலைமுடியிலும் சிமெண்டு.

1985 செப்டம்பர் 21, சனி

சுவர் முடிந்தது. முதல் லயத்துக்கு எதிரே, கரையின் கடல் பக்கம் முழுக்க, இருநூறு அடி. கருங்கல்லை வாரி எடுத்துவிட்டு, வரிசை வரிசையாக டீச்சர் கல். மூட்டுகளில் கலவை பூசி அடைத்திருக்கிறார்கள். வேண்டாம், கல்லே போதும் என்று சன்னாசி சொன்னானாம். “எறும்பு நுழையாதுன்னு டீச்சர் சொன்னாங்க. நுழையாம இருக்கணும்” என்று இவர் நின்று பூசவைத்தாராம்.

ஆட்டுக்கறிச் சாப்பாடு. துரை ராஃபேலின் கையைக் குலுக்கினார். இவர் முகத்தில் இப்படி ஒரு வெளிச்சத்தை எங்கள் கல்யாணத்தன்றுகூட நான் பார்க்கவில்லை. பார்க்கப் பயமாக இருந்தது. ஏன் பயம்? தெரியவில்லை.

1985 அக்டோபர் 5, சனி

சன்னாசி மனைவி இராஜம்மாவைப் பார்க்கப் போனேன். நிறைமாதம், கால் வீங்கியிருக்கிறது. முதல் லயத்தில் கரைக்கு மிக அருகில் இருக்கும் வீடு அவளுடையது.

“தண்ணி உள்ள வரதில்ல டீச்சர், நல்லாத்தான் இருக்கு. ஆனா ஒண்ணு. முன்னெல்லாம் மத்தியானம் கடலு தூரமா போனதும், கல்லு சந்துல தண்ணி சளசளன்னு திரும்பி ஓடும். அதக் கேட்டுக்கிட்டே தூங்கிருவேன். இப்ப சத்தமே இல்ல” என்றாள்.

வீட்டுக்குப் பின்னால் கரையோரம் மண் சொதசொதவென்று இருந்தது. மழை என்று சொல்லிக்கொண்டேன். மழைதான்.

1985 அக்டோபர் 6, ஞாயிறு

மழை இல்லையென்றால்?

அவருடைய கொத்து வேலைப் பையிலிருந்து நூலை எடுத்துக்கொண்டு போனேன். இராஜம்மா வீட்டுக்கு எதிரே சுவரில் இருபது அடிக்கு இழுத்துப் பிடித்துப் பார்த்தேன். சுவர் நேராக இல்லை. நடுவில் கடல் பக்கமாக ஒரு விரல் கனம் பிதுங்கியிருக்கிறது. கட்டும்போதே அப்படியோ? கேட்கத் தைரியம் வரவில்லை. நூலைச் சுற்றி இருந்த இடத்திலேயே வைத்தேன், திருடி மாதிரி.

1985 அக்டோபர் 14, திங்கள்

அமாவாசை ஏற்றம். சாயங்காலம் ஆறு மணிக்குத் தோட்டமே கரைமேல் நின்றது. கடல் சுவரில் முக்கால்வாசி ஏறி நின்று, இறங்கியது. ஒரு சொட்டு உள்ளே வரவில்லை. சனங்கள் கைதட்டினார்கள். ராஃபேலைத் தூக்காத குறை.

நானும் தட்டினேன். என் ஒன்பதாவது வயதில் சுங்கை புரோங் பக்கம் எங்கள் வீட்டுக்குள் கடல் வந்தது. விடிந்து கட்டிலைவிட்டு இறங்கினால் முழங்கால்வரை தண்ணீர், அம்மாவின் சிலிப்பர் மிதந்துகொண்டிருந்தது. அதை நினைத்துக்கொண்டே தட்டினேன்.

1985 அக்டோபர் 15, செவ்வாய்

பள்ளி விட்டதும் ஓடினேன். கடல் எங்கோ தூரத்தில், வெறும் சேறு. சுவரில் வெயில் அடிக்கிறது. மேல் வரிசைக் கற்கள் காய்ந்துவிட்டன. கீழ் வரிசைகள் வியர்த்துக்கொண்டிருக்கின்றன. ஒரு மூட்டில் மயிரிழை வெடிப்பு, அதில் பழுப்பாகச் சேறு கசிகிறது.

நூல் பிடித்தேன். இரண்டு விரல்.

1985 அக்டோபர் 16, புதன்

இப்போது புரிந்துவிட்டது. புரியாமலே இருந்திருக்கலாம்.

காலையில் அலுமினியப் பேசினில் களிமண் கரை ஒன்று வைத்து, அதன் முன்னால் அவர் செதுக்கிய பன்னிரண்டு கட்டைகளை அடுக்கினேன். சந்துகளை மெழுகுவர்த்தி உருக்கி அடைத்தேன். பேசினை நிரப்பிவிட்டுப் பள்ளிக்குப் போனேன். வந்து பார்த்தால் அசையாமல் நின்றது. அழகாக நின்றது. பிறகு கடல் பக்கத்துத் தண்ணீரை மட்டும் டம்ளரால் மொண்டு வெளியே ஊற்றினேன். மூன்றாவது டம்ளர். கட்டைகள் என் பக்கமாகச் சாய்ந்து விழுந்தன. பின்னாலேயே மண்ணும் வழிந்தது.

மழைத் தண்ணீரும் அடியில் ஊறி வரும் தண்ணீரும் கரைக்குள் தங்குகின்றன. ஏற்றத்தின்போது கடல் சுவரை எதிர்ப்பக்கம் தாங்கிப் பிடிக்கிறது. கடல் போனதும் தாங்க ஆள் இல்லை, உள்ளே இருக்கும் தண்ணீர் வெளியே போகச் சுவரைத் தள்ளுகிறது. கருங்கல்லில் சந்து இருந்தது, போய்விடும். நாங்கள் எறும்புக்குக்கூட வழிவிடவில்லை.

ஒரு நாள் மத்தியானம் சுவர் விழும். கரையும் சரியும். சாயங்காலம் ஆறு மணிக்குக் கடல் திரும்பி வரும். பின்னால் பதினெட்டு வீடு.

ஏற்றத்தின்போது எல்லாரும் காவல் நிற்கிறார்கள். கடல் வற்றும்போது யாருமே கரையைப் பார்ப்பதில்லை.

1985 அக்டோபர் 18, வெள்ளி

எப்படிச் சொல்வது? அவர் அடிக்கிற ஆள் இல்லை, கத்துகிற ஆளும் இல்லை. வாயை மூடிக்கொள்வார். ஒருமுறை பதினோரு நாள் மூடியிருந்தார். துரை பக்கத்துத் தோட்டத்துக்கும் இதே சுவர் கட்ட இவரை அனுப்பப் போகிறாராம். நேற்று அதைச் சொல்லிவிட்டு என் தட்டில் மீன் துண்டை எடுத்து வைத்தார். நான் என்ன சொல்ல?

1985 அக்டோபர் 20, ஞாயிறு

சொல்லிவிட்டேன். பேசினையும் கட்டைகளையும் முன்னால் வைத்தேன். அவர் குனிந்துகூடப் பார்க்கவில்லை.

“கடலு உள்ள வரக்கூடாதுன்னுதானே கட்டுனோம்? தண்ணி வெளிய போகலன்னு எவனாச்சும் பயப்படுவானா அகதா?”

“நூல் பிடிச்சுப் பாத்தேங்க. ரெண்டு விரல் பிதுங்கிருக்கு.”

“என் நூல எடுத்து என் வேலையவே அளந்தியா?”

பிறகு மெதுவாக: “எறும்பு நுழையாதுன்னு நீதானே சொன்ன.”

ஆமாம். நான்தான். அதுதானே என்னைத் தின்கிறது.

1985 அக்டோபர் 23, புதன்

பேசவில்லை.

1985 அக்டோபர் 29, செவ்வாய்

பௌர்ணமி ஏற்றம். மூன்று விரல்.

ஆபீசுக்குப் போனேன். கணக்கு எழுதும் கிராணி கார்த்திகேசு நாற்காலி போட்டார். “துரை கோலாலம்பூர் போயிருக்காரு டீச்சர். கரை விசயம்னா மண்டோர்கிட்டதான் சொல்லணும். அவரு உங்க வீட்டுலதானே இருக்காரு?” என்று சிரித்தார். நானும் சிரித்து வைத்தேன். வெளியே வந்து மரத்தடியில் நின்று அழுதேன்.

சன்னாசியிடம் சொன்னேன். மண்டோரைத் தாண்டித் தன்னால் எதையும் செய்ய முடியாது என்று தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான்.

1985 நவம்பர் 10, ஞாயிறு

தீபாவளி நெருங்குகிறது, லயமெல்லாம் எண்ணெய் வாசம். இராஜம்மாவுக்குப் பெண் குழந்தை பிறந்து இருபது நாள். சேலைத் தொட்டிலில் தூங்குகிறது. தொட்டிலுக்குப் பின்னால் வீட்டுச் சுவர், அதற்குப் பின்னால் கரை, அதற்குப் பின்னால் நான் பெயர் சொல்லிக் கொடுத்த கல்.

பத்து நாளாக மழை. அமாவாசைக்கு இரண்டு நாள்.

“ஏன் டீச்சர் பிள்ளைய அப்படிப் பாக்குறீங்க?” என்றாள். கண் தெரியவில்லை, இருட்டாக இருக்கிறது என்றேன். பட்டப்பகல்.

1985 நவம்பர் 13, புதன்

 நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன்.

காலை ஏற்றம் வந்து போனது. எல்லாரும் பார்த்துவிட்டு, நன்றாக இருக்கிறது என்று வேலைக்குப் போய்விட்டார்கள். எனக்குப் பள்ளி விடுமுறை. வீட்டில் இருக்க முடியவில்லை. பதினொன்றரைக்குப் போனேன். நூல் தேவைப்படவில்லை, வளைவு கண்ணுக்கே தெரிந்தது. கரையின் உச்சியில் நீளமாக ஒரு வெடிப்பு, என் உள்ளங்கை போகிற அகலம்.

கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. பிறகு ஓடியது. இராஜம்மாவிடம் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு எங்கள் வீட்டுக்குப் போ என்றேன். ஏன் என்றாள். போடி, கேக்காத, போ என்று கத்தினேன். நான் கத்தி அவள் கேட்டதே இல்லை. போய்விட்டாள்.

சன்னாசி வீட்டு வாசலில் கடப்பாரை கிடந்தது. எடுத்துக்கொண்டு சேற்றில் இறங்கினேன். முட்டிவரை சேறு, சேலையெல்லாம் சேறு. கீழ் வரிசையில் வெடித்திருந்த மூட்டில் குத்தினேன். என் மேலேயே விழுமே, விழட்டுமே, ஐயோ மாதாவே — குத்திக்கொண்டே இருந்தேன்.

“அகதா! என்னடி பண்ற! பைத்தியமா!”

பக்கத்தில் கொக்கோ காயவைக்கும் கொட்டகையில் வேலை செய்துகொண்டிருந்த ராஃபேல் சேற்றில் தடதடவென்று வந்தார். பின்னால் சன்னாசி. அவர் என் கையிலிருந்து கடப்பாரையைப் பிடுங்கினார். பிடுங்கிய இழுப்பில் கலவை பெயர்ந்து, உள்ளேயிருந்து பழுப்புத் தண்ணீர் பீறிட்டு அவர் நெஞ்சில் அடித்தது. குழாய் உடைந்த மாதிரி. அவர் பின்னால் தள்ளாடிப்போனார். நெஞ்சைத் தடவி, விரலை நாக்கில் வைத்து உப்பு இருக்கிறதா என்று பார்த்தார்.

“இவ்ளோ தண்ணியா” என்றார்.  சற்றுமுன் கத்தியதைக் கழித்தால், இருபத்து நான்கு நாளில் அவர் என்னிடம் பேசியது அதுதான்.

பிறகு சன்னாசியைப் பார்த்து, “சம்மட்டி கொண்டாடா. எல்லாத்தையும் கூப்புடு. மணல் மூட்டை, லோரி, எல்லாம்” என்று கத்தினார். இரண்டு இடத்தில் கல்லை உடைத்துத் தண்ணீரைத் திறந்துவிட்டார்கள். மூன்றாவதை உடைக்கும்முன் “ஓடு” என்று என்னைப் பிடித்துத் தள்ளினார். இருபது அடிச் சுவர் சேற்றில் சாய்ந்தது. பெரிய சத்தம்கூட இல்லை. படுத்துக்கொண்டது. கரையில் பாதி கூடவே வந்தது.

ஆனால் மணி அப்போது பன்னிரண்டரைதான். ஆறு மணிவரை நேரம் இருந்தது. தோட்டமே மூட்டை தூக்கியது. அரிவாளை விட்டுவிட்டு வந்தார்கள், கார்த்திகேசுகூடக் கால்சட்டையைச் சுருட்டிக்கொண்டு வந்தார். ஐந்தேமுக்காலுக்குக் கடைசி வரிசை. கடல் வந்தது, மூட்டையில் நின்றது, கொஞ்சம் கசிந்தது, போனது.

இப்போது மணி எட்டு. இராஜம்மாவின் பிள்ளை எங்கள் கட்டிலில் தூங்குகிறது. ராஃபேல் சமையலறையில் பேசினை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். டம்ளரால் மொள்ளும் சத்தம் கேட்கிறது.

1985 நவம்பர் 15, வெள்ளி

துரை வந்தார். யார் தவறு என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் இவர், “என் தப்புதான். ஓட்டை விடணும்னு என் வீட்டுக்காரி ஒரு மாசத்துக்கு முன்னயே சொன்னா. நான் கேக்கல” என்றார். பக்கத்துத் தோட்டத்து வேலை போனது. அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. மீன் பொரித்தேன்.

1985 டிசம்பர் 29, ஞாயிறு

அதே கல்லால்தான் திரும்பக் கட்டியிருக்கிறார்கள். கீழே மூன்று வரிசைகளில் ஐந்து கல்லுக்கு ஒரு கல் இல்லை, அந்த இடத்தில் சல்லி நிரப்பியிருக்கிறது. மூட்டில் கலவையும் இல்லை.

பூசை முடிந்து மத்தியானம் இரண்டு பேரும் போனோம். கடல் தூரத்தில் இருந்தது. ஓட்டைகளிலிருந்து தண்ணீர் சளசளவென்று ஓடிக்கொண்டிருந்தது. இராஜம்மா வாசலில் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு அரைத் தூக்கத்தில் இருந்தாள்.

கல்லை இப்போது வெறுமனே கல் என்றுதான் சொல்கிறார்கள். சன்னாசி ஓர் ஓட்டைக்குள் கையை விட்டு அடைந்திருந்த இலையை எடுத்துப் போட்டுக்கொண்டே, “இந்த ‘டீச்சர் ஓட்டை’ய வாரத்துக்கு ஒருக்கா சுத்தம் பண்ணச் சொல்லிருக்காரு மண்டோரு” என்றான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

ராஃபேல் சட்டைப் பையிலிருந்து நூலை எடுத்தார். ஒரு நுனியை என்னிடம் கொடுத்துவிட்டு, மறுநுனியைப் பிடித்துக்கொண்டு இருபது அடி நடந்தார்.

“எத்தன விரலு?” என்றார்.

“ஒண்ணும் இல்ல.”

“சரியாப் பாத்தியா?”

மறுபடி குனிந்து பார்த்தேன்.