புளியத்திக்கு யார் தண்ணீர் ஊற்றியது

4 பிப்ரவரி 2018
மணல் மறுபடி வாசற்படி வரை வந்துவிட்டது. தென்கிழக்குக் காற்று மூன்று நாளாக ஓயவில்லை. கடற்கரையிலிருந்து சதைப்பற்றான இலையுள்ள புளியத்திக் கொடி முறித்து வந்து முன் தோட்டத்தில் நட்டேன், பன்னிரண்டு துண்டு. மணலைப் பிடித்துப் படரும், வருஷம் முழுக்கப் பச்சை, காய்த்தால் ஜாம்.

என் வீட்டுக்காரர் இசாக்கின் கட்டிலை முன் தோட்டம் தெரிகிற ஜன்னல் பக்கம் திருப்பிப் போட்டேன். முப்பது வருஷம் கடலைப் பார்த்த மனுஷன், பக்கவாதம் வந்து பதினோரு வாரமாகச் சுவரைப் பார்த்துக் கிடக்கிறார். வலது கை வரவில்லை. பேச்சும் வரவில்லை. வரலாம், வராமலும் போகலாம் என்கிறாள் நர்ஸ். இதைச் சொல்ல ஒருத்தி வேண்டுமா?

11 பிப்ரவரி
மழையில்லை, அணை வற்றிவிட்டது; நகராட்சிக் கணக்கில் ஒரு நாளைக்கு ஆளுக்கு ஐம்பது லிட்டர் தண்ணீர்தான். தொட்டிக்குள் நின்று குளித்த தண்ணீரில் பாதி கக்கூசுக்கு, பாதி செடிக்கு.

19 பிப்ரவரி
இலை மஞ்சளடிக்கிறது. தாகம் போல. இரண்டு நாள் நான் குடிதண்ணீரைத் தவிர எதையும் தொடாமல், மிச்சத்தை எல்லாம் அதற்கே ஊற்றினேன்.

27 பிப்ரவரி
சாயங்காலம் ஆனால் இசாக் இடது கையால் ஜன்னல் கண்ணாடியைத் தட்டுகிறார். வலியா, பசியா, திரும்பிப் படுக்கணுமா? எல்லாம் கேட்டேன். தலையை ஆட்டி ஆட்டிக் கண் கலங்குகிறார். "என்னதான் வேணும், சொல்லித் தொலைங்களேன்!" என்று கத்திவிட்டேன். சொல்ல முடியாதவரிடம் போய். பாவி நான்.

8 மார்ச்
நாலு துண்டு அழுகிவிட்டது. மணலுக்குள் சொதசொதவென்று ஈரம். ஊரே காய்கிறது, என் செடி மட்டும் எப்படி முழுகும்?

9 மார்ச்
பேக்கரி வேலை முடித்துச் சீக்கிரம் வந்தேன். பக்கத்து வீட்டு கலீமா எங்கள் தோட்டத்தில் வாளியோடு நிற்கிறாள். பகலில் இசாக்கை எட்டிப் பார்த்துக்கொள்பவள் அவள்தான்.

"ரொஸெல்டாக்கா, உங்களுக்கு அவரப் பாக்கவே நேரம் சரியா இருக்கு. அதான், நாங்க குளிச்ச தண்ணிய..."

"எத்தன நாளா?"

"நட்ட நாள்லருந்து. காலைல எதிர்வீட்டு ஜெஃப்தா அண்ணன் மொறை."

"அடிப்பாவி, இது தண்ணி குடிக்காத செடிடி! கொன்னுட்டீங்களே!"

"உங்க தண்ணியும் சேத்துத்தானக்கா?"

இரண்டு பேரும் சிரித்தோம், நான் அழவும் செய்தேன். சொட்டுச் சொட்டாகச் சேர்க்கிற நாளில் எனக்கென்று ஆளுக்கொரு வாளி ஒதுக்கியிருக்கிறார்கள்.

உள்ளே இசாக் கண்ணாடியைத் தட்டிக்கொண்டிருந்தார். அப்போதுதான் உறைத்தது. சாயங்காலம்தான் நானும் வாளியைத் தூக்குவேன்; அதைத் தடுக்கத்தான் தட்டியிருக்கிறார். எல்லாம் தெரிந்திருக்கிறது மனுஷனுக்கு, தெரியாதது எனக்குத்தான்.

14 மார்ச்
அழுகாத கொடியை வெட்டி, இரண்டு நாள் நிழலில் வெட்டுவாய் காயவிட்டு, மறுபடி நட்டேன். தண்ணீர் ஒரு சொட்டும் கிடையாது. தெரு முழுக்கச் சொல்லியாயிற்று. ஜெஃப்தா அண்ணனுக்கு மட்டும் நம்பிக்கை இல்லை. "தண்ணி இல்லாம எதும்மா பொழைக்கும்?"

2 ஏப்ரல்
வளரவில்லை. அழுகவும் இல்லை.

22 ஏப்ரல்
காலையில் ஜெஃப்தா அண்ணன் மனசு கேட்காமல் ஒரு குவளையோடு வந்து குனிந்திருக்கிறார். நான் அடுப்படியில். ஜன்னல் பக்கமிருந்து ஒரு குரல், துருப்பிடித்த மாதிரி —

"ஊ... ஊத்தாதடா, கழுத!"

ஐந்து மாதத்துக்குப் பிறகு இசாக் பேசிய முதல் பேச்சு. கையில் மாவோடு ஓடினேன். ஜெஃப்தா அண்ணன் குவளையைக் கீழே போட்டுவிட்டு மணலிலேயே உட்கார்ந்து அழுகிறார். "கேட்டியாம்மா? என்னத்தான் கழுதன்னான்! என்னத்தான்!"

இசாக்குக்கும் நம்ப முடியவில்லை. தன் வாயைத் தானே தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

30 ஜூன்
நல்ல மழை. கொடி ஒரு முழம் ஓடியிருக்கிறது.

16 செப்டம்பர்
ஏழு மஞ்சள் பூ.

மீனில் உப்பு போதவில்லை என்று இசாக் சண்டைக்கு வந்தார். சேர்ந்தாற்போல் நாலு வார்த்தைக்கு மேல் இன்னும் வராது. தேடித் தேடித்தான் திட்டுகிறார். நானும் விடவில்லை, போதும் என்றே சாதித்து ஒரு மணி நேரம் இழுத்தேன்.

உப்பு போதாதுதான்.