டைசைக்ளோமின் தாள்

பிப்ரவரி 3, திங்கள்

எங்கள் ஆஸ்பத்திரி மருந்தகத்துக்குப் புதிதாக வந்திருக்கும் மருந்தாளருக்கு ஒரே வாரத்தில் பட்டப்பெயர் வைத்துவிட்டார்கள்: இன்னொருதரம் மேடம். மாத்திரையை நீட்டுவாள், ஆனால் கையை எடுக்கமாட்டாள். “இது எதுக்கு, எப்ப சாப்பிடணும், நீங்க சொல்லுங்க” என்பாள். தப்பாகச் சொன்னால் சிரித்துக்கொண்டே, “இன்னொரு தரம்.” வரிசை வாசல் வரை நீள்கிறது. இன்று ஒரு தச்சர் நாலு தடவை சொதப்பினார். ஐந்தாவது தடவை சரியாகச் சொன்னதும் பின்னால் நின்றவர்கள் கைதட்டினார்கள். நானும் தட்டிவிட்டேன். என்னைவிட இருபத்தைந்து வயது சின்னவள். சரியான கெட்டிக்காரி.

மாத்திரையோடு கொடுக்கும் விளக்கத் தாளை இனி நானும் அவளும் சேர்ந்துதான் எழுத வேண்டுமாம். இந்த ஆஸ்பத்திரியின் அச்சகத்தில் இருபத்திரண்டு வருஷம் பிழை திருத்தியவள் நான். எனக்கு எதற்குத் துணை?

பிப்ரவரி 6, வியாழன்

முதல் சண்டை. டைசைக்ளோமின் மாத்திரைக்குத் தாள்.

தலைப்பு “வயிற்று வலிக்கு” என்று போட்டேன். ஜனங்கள் அப்படித்தான் கேட்கிறார்கள். அவள் தலையை ஆட்டினாள். “இது வலி மாத்திரை இல்லக்கா. குடல் இறுக்கிப் பிடிச்சா அதைத் தளர்த்துற மாத்திரை. வயித்துல வலி நூறு காரணத்துல வரும். இது ஒண்ணே ஒண்ணுக்குத்தான்.” குடல் பிடிப்புக்கு என்று போடணுமாம்.

அடுத்தது, “மூத்திரம் போகச் சிரமப்படுகிறவர்கள் இதைச் சாப்பிடக்கூடாது” என்று ஒரு வரி. எனக்கு உடம்பு கூசியது. வீட்டில் பிள்ளைகள், மருமகள்கள் எடுத்துப் படிக்கிற தாள். நாகரிகமாக “இயற்கை உபாதைகளில் சிரமம் உள்ளவர்கள் மருத்துவரிடம் கூறவும்” என்று மாற்றினேன். “இது யாருக்குப் புரியும்?” என்றாள். புரியவேண்டியவர்களுக்குப் புரியும் என்றேன். வெடுக்கென்றுதான் சொன்னேன்.

பிப்ரவரி 7, வெள்ளி

ஒன்றில் மட்டும் அவள் பிடித்த பிடியை விடவில்லை: தாளின் அடியில் மருந்தின் உண்மையான பெயர் பெரிதாக வரணுமாம். கம்பெனிக்குக் கம்பெனி அட்டையில் வேறு வேறு பெயர் இருக்குமாம். சரி, இடம் இருக்கிறது, போட்டுத் தொலைக்கலாம்.

பிப்ரவரி 11, செவ்வாய்

கோபமாகத்தான் சாப்பாட்டு டப்பாவைத் திறந்தேன். அவளாக வந்து எதிரில் உட்கார்ந்தாள். “அந்தப் பேருக்கு என்ன அர்த்தம் தெரியுமாக்கா?” வாய் என்னை மீறி “சொல்லேன்” என்றது. பிழை திருத்துகிறவளிடம் ஒரு சொல்லுக்கு அர்த்தம் சொல்கிறேன் என்றால் விடுவேனா?

டை என்றால் இரண்டு. சைக்ளோ என்றால் வளையம். அந்த மருந்தின் அணுக்கூட்டத்தில் இரண்டு வளையங்கள் கைகோத்து நிற்கின்றனவாம். என் தாளின் பின்பக்கத்திலேயே இரண்டு அறுகோணம் வரைந்து காட்டினாள். கடைசியில் வரும் மின், அமின் என்கிற ரசாயன வகை. ஆக, ஆள் பார்க்க எப்படி இருப்பார் என்று சொல்லும் பெயர். இதே மருந்துக்கு டைசைக்ளோவெரின் என்று இன்னொரு பெயரும் உண்டாம். அது அவர் என்ன வேலை செய்வார் என்று சொல்லும் பெயர். வெரின் என்று முடிந்தால் பிடிப்பைத் தளர்த்தும் குடும்பம். ட்ரோட்டாவெரின், மெபெவெரின் எல்லாம் பங்காளிகள். குடும்பத்துக்கு மூத்தது கசகசாச் செடியின் பாலில் கண்டெடுத்த பப்பாவெரின். “அப்ப இதுவும் கசகசாவா?” என்றேன். “இல்லக்கா, இவர் ஆய்வுக்கூடத்துல பொறந்தவர். குடும்பப் பேரு மட்டும் அங்கேருந்து வாங்கிக்கிட்டார்.”

சோறு ஆறிப்போனது தெரியவில்லை. இருபத்திரண்டு வருஷமாக எழுத்துக்கூட்டி மட்டும் பார்த்துவந்த பெயர்களுக்குள் இவ்வளவு இருக்கிறதா? அவள் படிப்பைவிட அதைச் சொல்கிற அழகுதான் எனக்குப் பிடித்தது. ஒரு சொல்லை அண்டை வீட்டுக்காரர் மாதிரி அறிமுகப்படுத்துகிறாள்.

இருந்தாலும் தலைப்பை மாற்றமாட்டேன் என்று சொல்லிவிட்டேன். “இயற்கை உபாதை” வரியையும்தான்.

பிப்ரவரி 13, வியாழன்

ஐந்நூறு தாள் அச்சாகி வந்துவிட்டது. “வயிற்று வலிக்கு.” பார்க்க லட்சணமாக இருக்கிறது. எனக்கே போன மாதம் கொடுத்த இதே மாத்திரை பாதி அட்டை மீதி இருந்தது. தாளில் ஒன்றை அதன்மேல் சுற்றி ரப்பர் போட்டு வீட்டு மருந்துப் பெட்டியில் வைத்தேன்.

பிப்ரவரி 19, புதன்

என் வீட்டுக்காரர் வேலையாக வெளியூர் போய்விட்டார், பத்து நாள். வீட்டில் நானும் மாமனாரும்தான். மாமா சரியாகச் சாப்பிடுவதில்லை. தண்ணீர் டம்ளர் வைத்தபடி இருக்கிறது. அடிக்கடி குளியலறைக்குப் போகிறார், குழாயைத் திறந்துவிட்டுவிட்டு வெகுநேரம் கழித்து வருகிறார். “உடம்புக்கு என்ன மாமா?” என்றால், “ஒண்ணுமில்லம்மா, வயசாச்சுல்ல” என்று பேப்பரை விரித்துக்கொள்கிறார். முப்பத்தொரு வருஷம் லாரி ஓட்டின மனுஷன். ரோட்டில் போகிற ஆயிரம் பேரை வாய்விட்டுத் திட்டியிருப்பார், வீட்டில் தனக்கு ஒன்று என்றால் வாய் திறக்கமாட்டார்.

பிப்ரவரி 23, ஞாயிறு

எழுதினாத்தான் மனசு ஆறும்.

காலைல எட்டு மணிக்கு மாமா அடிவயித்தைப் பிடிச்சுக்கிட்டு உட்கார்ந்திருந்தார். “வயித்து வலிம்மா.” நான் பெட்டியைத் திறந்தேன். நான் எழுதின தாள். வயிற்று வலிக்கு. ஒண்ணு கொடுத்தேன். மத்தியானம் இன்னொண்ணு. நானே, என் கையால.

மூணு மணிக்கு வேர்த்துக் கொட்டுது. வயிறு கல்லு மாதிரி. அவளுக்கு போன் போட்டேன். லீவு நாள், ரெண்டாவது மணியில எடுத்துட்டா.

“என்ன மாத்திரை கொடுத்தீங்க?” அட்டையில பேர் இருந்த பக்கத்தை என்னைக்கோ கிழிச்சுப் போட்டாச்சு. தாளைப் பார்த்து டைசைக்ளோமின்னு படிச்சேன். அப்புறம், “வலி விட்டு விட்டு வருதா, ஒரே மாதிரி இருக்கா?” ஒரே மாதிரி. “கடைசியா எப்ப யூரின் போனார்?”

நான் எப்படிக் கேப்பேன்? மாமா முகத்தைப் பார்த்தேன். அவர் சுவத்தைப் பார்த்தார்.

“போனை அவர்கிட்ட குடுத்துட்டு நீங்க வெளிய போய் நில்லுங்கக்கா.”

கதவை மூடிக்கிட்டு நின்னேன். உள்ள மாமா முனகுறது கேட்டுச்சு. ரெண்டு நிமிஷத்துல அவரே கதவைத் திறந்து போனை நீட்டினார். அவ சொன்னா: “நேத்து சாயங்காலத்துலேருந்து போகவே இல்லையாம்க்கா. பல நாளா சொட்டு சொட்டாத்தான் போயிருக்கு. இந்த மாத்திரை அதை இன்னும் அடைச்சிருக்கும். இனி ஒண்ணும் கொடுக்காதீங்க. வண்டி பிடிச்சு உடனே அவசரப் பிரிவுக்கு வாங்க, நானும் வர்றேன்.”

எங்களுக்கு முன்னாடியே வாசல்ல நின்னா, வீட்டுச் செருப்போட.

டியூப் போட்டாங்க. ஒண்ணேகால் லிட்டர் வடிஞ்சுது. மாமா ஒரு பெருமூச்சு விட்டார் பாரு, நடைபாதையில நின்ன எனக்கே உயிர் வந்துச்சு.

பிப்ரவரி 24, திங்கள்

டாக்டர் சொன்னார்: ப்ராஸ்டேட் சுரப்பி வீங்கி வழியை ஏற்கெனவே நெருக்கியிருக்கிறது. அந்த மாத்திரை குடலை மட்டும் தளர்த்தாது, மூத்திரப் பையையும் சேர்த்துத் தளர்த்திவிடும். பை அழுத்தித் தள்ளவில்லை என்றால் எப்படிப் போகும்? இன்னும் தாமதித்திருந்தால் சிறுநீரகம் கெட்டிருக்கலாம்.

மாமா அந்தத் தாளைப் படித்திருந்தாலும் என்ன புரிந்திருக்கும்? “இயற்கை உபாதைகளில் சிரமம்.” அவருக்குக் கூச்சம், சொல்லவில்லை. எனக்கும் கூச்சம், எழுதவில்லை. அவராவது பாவம், வலியில் இருந்தார். எனக்கு என்ன கேடு?

பிப்ரவரி 25, செவ்வாய்

“நான் அப்பவே சொன்னேன்” என்று அவள் சொல்வாள் என்று காலையிலிருந்து காத்திருந்தேன். சொல்லவில்லை.

பிப்ரவரி 27, வியாழன்

நானே கேட்டுவிட்டேன். “ஏம்மா, என்னை ஒரு வார்த்தை திட்டேன்.”

“எதுக்குக்கா? பேரைப் பார்த்துப் படிச்சீங்கள்ல, அதனாலதான் எனக்கு உடனே தெரிஞ்சுது.” பிறகு கொஞ்சம் தயங்கி, “நானும் உங்ககிட்ட இன்னொரு தரம் கேட்டிருக்கணும். வரிசையில நிக்கிற எல்லார்கிட்டயும் கேக்கிறேன், உங்ககிட்ட பயந்து விட்டுட்டேன்” என்றாள்.

கழிவறைக்குப் போய் அழுதுவிட்டு வந்தேன். அந்தப் பெயரை ஏதோ போனால் போகிறது என்றுதான் போட்டேன். அது மட்டும்தான் வேலைக்கு ஆகியிருக்கிறது. இந்தப் பெண்ணுக்கு இருக்கிற மனசில் கால்வாசி எனக்கு இருந்தால் போதும்.

மாமாவிடமும் சொல்லிவிட்டேன், மாத்திரை கொடுத்ததும் நான், தாளை எழுதியதும் நான் என்று. பேப்பரை மடித்து வைத்தார். பிறகு, “நான் ஒழுங்கா சொல்லியிருந்தா நீ ஏம்மா அதைத் தரப்போற?” என்றார். அவ்வளவுதான்.

பிப்ரவரி 28, வெள்ளி

மிச்சம் இருந்த முந்நூற்று எண்பது தாளையும் நானே கிழித்தேன். வாங்கிப்போனவர்கள் நூற்றிருபது பேர். அவள் பதிவேட்டைப் பார்த்து எல்லாருக்கும் போன் செய்ய ஆரம்பித்திருக்கிறாள். பாதி என் பங்கு.

மார்ச் 5, புதன்

போன் முடிந்தது. என் பங்கில் இரண்டு பேர், “ஆமாம்மா, கொஞ்சம் கஷ்டமாத்தான் போகுது” என்றார்கள். முன்பின் தெரியாத ஆளிடம் “மூத்திரம் சரியாப் போகுதா?” என்று அறுபது தடவை கேட்டிருக்கிறேன். முதல் பத்துதான் கஷ்டம்.

புதுத் தாள்: குடல் பிடிப்புக்கு. அதற்குக் கீழேயே தடித்த எழுத்தில், “மூத்திரம் போகச் சிரமம் இருந்தால் இதைச் சாப்பிடாதீர்கள். கண் அழுத்த நோய் இருந்தாலும் சாப்பிடாதீர்கள். சொல்ல வெட்கப்படாதீர்கள்.” கடைசி வாக்கியம் என்னுடையது. “தாள்ல இடம் இருக்காக்கா?” என்று கேட்டுவிட்டு, அடியில் இருந்த மருந்தின் பெயரை அவளே கொஞ்சம் சின்னதாக்கி இடம் பண்ணிக்கொடுத்தாள்.

மார்ச் 20, வியாழன்

மாமாவுக்கு டியூப் எடுத்தாகிவிட்டது, தானாகப் போகிறார். புது மாத்திரை வாங்க அவரே வரிசையில் நின்றார். பக்கத்தில் நான்.

அவள் மாத்திரையை நீட்டினாள், கையை எடுக்கவில்லை. “ஐயா, இது எதுக்கு?”

மாமா என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் சட்டென்று சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்தேன். நகரவில்லை.

“மூத்திரம் தாராளமாப் போறதுக்கு. ராத்திரி சாப்பிட்டதும் ஒண்ணு” என்றார்.

“இன்னொரு தரம்.”

“சரியாத்தானம்மா சொன்னேன்?”

“சரிதான் ஐயா. பின்னாடி நிக்கிறவங்களுக்கும் கேக்கட்டுமேன்னு.”

மாமா தொண்டையைச் செருமிக்கொண்டு, பழைய லாரிக் குரலில், வாசல் வரை கேட்கும்படி இன்னொரு தரம் சொன்னார். யாரும் சிரிக்கவில்லை. வரிசையில் ஐந்தாவதாக நின்ற ஒருவர் மட்டும் மெல்ல விலகி என்னிடம் வந்தார். வெள்ளைச் சட்டை, என் வயதுதான் இருக்கும். என்னைப் பார்க்காமல் கேட்டார், “அவர் எந்த டாக்டர்கிட்டம்மா காட்டுறார்?”

டாக்டரின் அறை எண்ணை எழுதிக் கொடுத்தேன்.