எழினி என்ற பெயருக்குப் பொருள் கேட்டது குறித்து

அனுப்புநர்
குழந்தையின் தகப்பன்,
லிஃப்ட், மோட்டார் பழுதுபார்க்கும் டெக்னீசியன்.
(முழுப் பெயரும் முகவரியும் விண்ணப்பத்தில் உள்ளபடி)

பெறுநர்
பதிவாளர் அவர்கள்,
பிறப்பு இறப்புப் பதிவு அலுவலகம்.

பொருள்: என் மகளுக்கு 'எழினி' என்று கொடுத்த பெயரை நிறுத்தி வைத்தது – பெயரின் பொருளும் மூலமும் தெரிவித்தல் – அதே பெயரைப் பதிந்து தரக் கேட்டல் – தொடர்பாக.

பார்வை: ஐந்தாம் சன்னல் எழுத்தர் வாய்மொழியாகச் சொன்னது.

மதிப்பிற்குரிய ஐயா,

1. போன வாரம் செவ்வாய்க்கிழமை காலை 10.35 மணிக்கு, உங்க அலுவலகத்து அஞ்சாம் சன்னல்ல, என் மகளோட பேர் நிறுத்தி வைக்கப்பட்டிருக்குன்னு எனக்குத் தெரிவிக்கப்பட்டது. எழுத்தர் பேசி முடிக்கிற வரைக்கும் அவர் தலைக்கு மேல இருக்கிற கடிகாரத்தைத்தான் பார்த்துக்கிட்டு நின்னேன். அதனால நேரம் நல்லா ஞாபகம் இருக்கு.

2. மூணு காரணம் சொன்னார். முதலாவது, எழினின்னா அகராதியில 'திரைச்சீலை'ன்னு இருக்கு, பொண்ணுக்கு வைக்கிற பேரா இது தெரியலை. ரெண்டாவது, அந்தக் காலத்துல இது ஆம்பளைப் பேரு, சிற்றரசர்கள் வச்சிருந்தது. "பிறந்தது பொண்ணுதானே சார்?"ன்னு கேட்டார். "பொண்ணுதாங்க"ன்னேன். "அப்ப நீங்களே சொல்லுங்க"ன்னார். மூணாவது, என் மனைவியைப் பெத்தவங்க, அதாவது என் அத்தை, இந்தப் பேர் வேண்டாம்னு எழுத்து மூலமா ஆட்சேபம் கொடுத்திருக்காங்க. இறந்துபோன தன் மகளோட பேரையே பேத்திக்கு வைக்கணும்ங்கிறது அவங்க கோரிக்கை. பேரோட பொருளையும் மூலத்தையும் விளக்கி மாசக் கடைசிக்குள்ள நான் மனு கொடுக்கலைன்னா அத்தை கேட்ட பேரே பதிவாகிடுமாம். அதனால இதை எழுதுறேன்.

3. என் மனைவி நாடக அரங்கத்துல திரை இயக்குற வேலை பார்த்தவ. பிள்ளை பிறந்த மறுநாள் இறந்துட்டா. அதுக்கான காரணம் மருத்துவமனை அறிக்கையில இருக்கு. உங்க அலுவலகத்துலயே மூணாம் சன்னல்ல அதோட நகல் இருக்கு. அதைப் பத்தி இந்த மனுவுல கோரிக்கை எதுவும் இல்லை. அவ பேரை நான் இங்க எழுதலை. ரெண்டு தடவை எழுதப் பார்த்தேன், வரலை. பதிவேட்டுல பார்த்துக்கவும்.

4. எழினிங்கிற பேரைச் சொன்னது அவதான். ஏழாவது மாசம், கட்டில்ல உட்கார்ந்து துணி மடிச்சுக்கிட்டே, "பொண்ணா இருந்தா எழினி"ன்னா. "இதென்ன, புதுசா வந்த சோப்பு மாதிரி இருக்கு"ன்னேன். "உங்களுக்கு மோட்டார் கம்பெனிப் பேரை விட்டா வேற என்ன தெரியும்?"னா. "சரி, பையனா இருந்தா?" "உங்க இஷ்டம். நட்டு, போல்ட்டு, எது தோணுதோ வைங்க." அர்த்தத்தைக் கேட்டப்போ, "பொறக்கட்டும், அவளையும் பக்கத்துல வச்சுக்கிட்டுச் சொல்றேன்"னா. அதுக்கு நேரம் அமையலை. பேர் மட்டும்தான் என்கிட்ட இருந்தது, காரணம் இல்லை. உங்க அலுவலகம் விளக்கம் கேட்டிருக்காட்டி நானா தேடிப் போயிருக்க மாட்டேன். மனுவுல நன்றி சொல்ற வழக்கம் உண்டான்னு தெரியலை. இருந்தா இதை நன்றின்னு எடுத்துக்கவும்.

5. முதல்ல நூலகத்துக்குப் போனேன். எழுத்தர் சொன்னது தப்பில்லை. எழினின்னா திரை, அதுவும் நாடக மேடைத் திரை. பழைய மேடைகள்ல மூணு விதம் இருந்ததாம்: ஒரு பக்கமா இழுக்கிறது, ரெண்டு பக்கத்துல இருந்தும் வந்து நடுவுல சேர்றது, மேல மறைஞ்சிருந்து கீழ இறங்குறது. நூலகத்து அம்மா இதைப் படிச்சுக் காட்டினப்போ நான் அந்த மூணாவதுலயே நின்னுட்டேன். மோட்டார் இல்லாத காலத்துல அவ்வளவு துணியை மேல தூக்கி ஒளிச்சு வைக்கணும்னா, கயித்தோட மறுமுனையில எடை தொங்கியிருக்கணும். நாங்க லிஃப்ட்டுக்குக் கட்டுற அதே கணக்கு. "எடை ஏதாவது கட்டினதா போட்டிருக்காம்மா?"ன்னு கேட்டேன். "சார், நீங்க பேருக்கு அர்த்தம் தேடி வந்தீங்களா, திரை மாட்ட வந்தீங்களா?"ன்னாங்க. பல நாளுக்கு அப்புறம் எனக்கு ஒரு விஷயம் தெரிஞ்சுக்கணும்னு தோணினது அங்கதான்.

சிற்றரசர் சிலர் இந்தப் பேர்ல இருந்ததும் உண்மைதான். ஆனா இப்போ அபூர்வமா வைக்கிறவங்க பொண்ணுங்களுக்குத்தான் வைக்கிறாங்க. அந்த நூலகத்துலயே இதே பேர்ல ஒரு சின்னப் பொண்ணு உறுப்பினரா இருக்கா. "உள்ள வந்தா அஞ்சு நிமிஷம்கூட வாய் மூட மாட்டா"ன்னு நூலகத்து அம்மா சொன்னது கூடுதல் தகவல். இதோட முதல் ரெண்டு காரணத்துக்கும் பதில் சொல்லியாச்சுன்னு நினைக்கிறேன்.

6. மூணாவதுக்கு அவ்வளவு லேசா பதில் சொல்ல முடியலை. அர்த்தத்தை அத்தைகிட்ட சொன்னதுதான் நான் பண்ணின தப்பு. "துணிப் பேரா? போர்வைன்னு வைங்க, தலையணை உறைன்னு வைங்க, யார் கேட்கப் போறா!"ன்னு சத்தம் போட்டாங்க. அப்புறம் பிள்ளையோட பால் பாட்டிலைக் கழுவுறதை நிறுத்திட்டு, என்னைப் பார்க்காமலே சொன்னாங்க: "என் பொண்ணு கதை முடிஞ்சு திரை விழுந்துடுச்சுன்னு வர்றவங்க எல்லாம் சொல்லிட்டுப் போறாங்க மாப்பிள்ளை. அந்தத் திரையையே பேரா வச்சுக் கூப்பிடச் சொல்றீங்க." திரைன்னா முடிவுன்னுதான் நானும் நினைச்சேன். இதை ஏன் அவ ஆசைப்பட்டு வைக்கணும்? அதுக்கு மேல என்னால சும்மா இருக்க முடியலை. மறுநாளே அரங்கத்துக்குப் போனேன்.

7. அந்த அரங்கம் எனக்குப் புதுசு இல்லை. ஒரு சமயம் தெருவுல டிரான்ஸ்பார்மர் மாத்தினவங்க ரெண்டு வயரை இடம் மாத்திக் கொடுத்துட்டாங்க. தெருவுல இருந்த மோட்டார் எல்லாம் தலைகீழா சுத்துச்சு. மாவு மில் பின்னாடி ஓடுச்சு, தண்ணி மேல ஏறலை, அரங்கத்துல 'மூடு' பொத்தானை அழுத்தினா திரை திறக்கப் பார்த்துச்சு. என்னைக் கூப்பிட்டாங்க. நான் பலகையில ரெண்டு வயரை மாத்திப் போட்டுச் சரி பண்ணிட்டுப் போயிட்டேன். மறுநாள் மின்வாரிய ஆளுங்க வந்து அவங்க தப்பைத் திருத்தினாங்க. அவங்க திருத்தினதால நான் திருத்தினது தப்பாயிடுச்சு. திரை மறுபடியும் தலைகீழ். அவ போன் பண்ணி, "என்னங்க, உங்க வேலைக்கு ஒரே ஒரு நாள்தான் உத்தரவாதமா?"ன்னு கேட்டா. எங்களுக்குப் பழக்கம் ஆனது இப்படித்தான். இதை எதுக்கு எழுதுறேன்னா, அந்தத் திரையோட ஒவ்வொரு வயரும் எனக்குத் தெரியும். அதுக்கு எழினின்னு ஒரு பேர் இருக்கிறது மட்டும் தெரியாது.

8. அரங்கத்துல வேஷம் போட்டு விடுற ஒப்பனைக்கார அக்காதான் மூலத்தைச் சொன்னாங்க. நான் கேட்கிறதுக்கு முன்னாடியே சிரிக்க ஆரம்பிச்சுட்டாங்க. என் மனைவி வேலைக்குச் சேர்ந்த புதுசுல வெளியூர்க் குழு ஒண்ணு நாடகம் போட வந்திருக்கு. அவங்க குறிப்புல "முதல் மணி, எழினி"ன்னு இருந்திருக்கு. எழினிங்கிறது ஏதோ நடிகைன்னு நினைச்சுக்கிட்டா. முதல் மணி அடிச்சாச்சு. இவ பொத்தானைத் தொடாம வாசலையே பார்த்துக்கிட்டு நிக்கிறா. உள்ள ராஜா, மந்திரி எல்லாம் கையைத் தூக்கினபடி நிக்கிறாங்க. இயக்குநர் ஓடி வந்து, "எழினி என்னம்மா ஆச்சு?"ன்னு கத்துறார். இவ, "இன்னும் வரலைங்க சார், வந்ததும் அனுப்பி வைக்கிறேன்"னு சொல்லியிருக்கா. கொஞ்ச நாளைக்கு அரங்கத்துல இவளையே "எழினி வந்தாச்சா?"ன்னு கேலி பண்ணியிருக்காங்க. என்கிட்ட இதை அவ சொன்னதே இல்லை. நான் எத்தனை காலத்துக்குக் கேலி பண்ணுவேன்னு கணக்குப் போட்டிருப்பா.

9. ஆனா கேலிப் பேரைப் பிள்ளைக்கு எதுக்கு வைக்கணும்னு கேட்டேன். அக்கா சிரிக்கிறதை நிறுத்திட்டாங்க. அரங்கத்துல ஒரு வழக்கம் உண்டு. நாடகம் முடிஞ்சு திரை மூடினதும் திரைக்காரங்க வேலை முடியாது. கைதட்டலைக் கேட்டுக்கிட்டே இருந்து, சரியான இடத்துல மறுபடி திறக்கணும். முந்தினா உள்ள ஆளுங்க தயாரா இருக்க மாட்டாங்க, பிந்தினா தட்டுறது அடங்கிடும். திறக்கும்போது எல்லாரும் வரிசையா நிப்பாங்க, கதையில செத்தவங்களும் சேர்த்து. அதுக்கு மணி கிடையாது, குறிப்பு கிடையாது, காதுதான். "மூடுறதுக்கு யார் வேணா வரலாம்க்கா, ரெண்டாந்தரம் திறக்கிறதுதான் என் வேலை"ன்னு சொல்லுவாளாம்.

எங்களுக்கு இதுக்கு முன்னாடி ஒண்ணு தங்காமப் போச்சு. வயிறு தெரியிறதுக்கு முன்னாடியே. அத்தைக்குக்கூடச் சொல்ல வேண்டாம்னா, சொல்லலை. நாங்க ரெண்டு பேரும்கூட அதைப் பத்தி அப்புறம் பேசினதில்லை. அக்காகிட்ட மட்டும் சொல்லியிருக்கா. இந்தத் தடவை நாலாவது மாசம் தாண்டினதும் வேஷ அறையில உட்கார்ந்து, "ஒரு தடவை மூடிப்போச்சுக்கா. இது மறுபடி திறக்கிறது. பொண்ணா இருந்தா எழினிதான்"னு சொன்னாளாம்.

பேரோட பொருளும் மூலமும் இதுதான் ஐயா. இதுக்கு ஆவணச் சான்று கிடையாது. ஒப்பனைக்கார அக்கா நேர்ல வந்து சொல்லத் தயாரா இருக்காங்க, மாலையில நாடகம் இல்லாத நாளா இருந்தா நல்லது. நாடகத்துல எழுந்து நிக்கிற மாதிரி வெளியில யாரும் எழுந்து நிக்க மாட்டாங்கன்னு எனக்குத் தெரியும். அவ அந்த அர்த்தத்துல சொல்லலை. பிள்ளையைப் பத்தித்தான் சொன்னா.

10. இதை அத்தைகிட்டயும் சொன்னேன். முன்னாடி போன பிள்ளையைப் பத்தியும் சேர்த்துச் சொல்ல வேண்டியதாச்சு. "என்கிட்டச் சொல்லக் கூடாதுன்னு அப்படி என்ன மாப்பிள்ளை"ன்னு மட்டும் கேட்டாங்க. அப்புறம் பிள்ளையை வாங்கி மடியில போட்டுக்கிட்டு, "பேர் நல்லாத்தான் இருக்கு. ஆனா என் பொண்ணு பேரை இனிமே யார் சொல்லுவா?"ன்னாங்க. ஆட்சேபத்தை வாபஸ் வாங்கலை. வாங்கச் சொல்லி நானும் கேட்கலை. அவங்க கேட்கிறதுல தப்பு எதுவும் எனக்குத் தெரியலை.

அவங்க ஆட்சேபத்துக்கு என்னோட ஒரே பதில் உங்க படிவத்துலதான் இருக்கு. அதுல குழந்தை பேருக்குக் கீழ 'தாயின் பெயர்'னு ஒரு கட்டம் இருக்கு. பள்ளிக்கூடத்துல சேர்ந்தாலும், பரீட்சை எழுதினாலும், வேலைக்குப் போனாலும், நாளைக்கு அவளுக்குக் கல்யாணமே ஆனாலும் அந்தக் கட்டத்தை நிரப்பித்தான் ஆகணும். என் மனைவி பேரை எழுத வேண்டியது இவதான், வாழ்க்கை பூராவும், தன் கையாலயே. ரெண்டு கட்டத்துலயும் ஒரே பேர் இருந்தா எங்கேயாவது ஒரு சன்னல்ல, தவறுதலா ரெண்டு தடவை எழுதிட்டீங்கன்னு திருப்பிக் கொடுப்பாங்க. ஒரு பேரை அடிக்கச் சொல்லுவாங்க. அப்போ எதை அடிக்கிறது? இதை அத்தைகிட்ட என்னால சொல்ல முடியலை. சொல்ல ஆரம்பிச்சா அவ பேரைச் சொல்ல வேண்டியிருக்கு.

11. ஆகவே, என் மகள் பெயரை எழினி என்றே பதிந்து சான்றிதழ் வழங்கும்படி தங்களை மிகவும் பணிவோடு கேட்டுக்கொள்கிறேன். கூடவே ரெண்டு சின்ன வேண்டுகோள். அத்தைக்கு நீங்க அனுப்புற பதில்ல 'தள்ளுபடி'ங்கிற வார்த்தை வர வேண்டாம். அவங்க உங்க அலுவலகத்துக்கு ரெண்டு பஸ் மாறி, கைக்குழந்தையோட வந்து அந்த ஆட்சேபத்தைக் கொடுத்திருக்காங்க. 'தாயின் பெயர் உரிய இடத்தில் பதிவு செய்யப்பட்டுள்ளது'ன்னு எழுதினா போதும். அது உண்மையும்கூட.

ரெண்டாவது, முடிவைப் போன்ல சொல்லிடுவோம்னு எழுத்தர் சொன்னார். தயவுசெஞ்சு வேண்டாம். மருத்துவமனையில இருந்து போன் வந்தப்போ நான் மாத்துத் துணி எடுக்க வீட்டுக்கு வந்திருந்தேன். நான் மட்டும் முதல்ல கேட்டுட்டு, அடுக்களையில அவளுக்குச் சாப்பாடு கட்டிக்கிட்டிருந்த அத்தைகிட்ட நடந்து போய்ச் சொன்னேன். அது ஒரு தடவை போதும். பதில் எதுவா இருந்தாலும் எங்க ரெண்டு பேர் பேரையும் போட்டு ஒரே உறையில தபால்ல அனுப்புங்க. ரெண்டு பேரும் பக்கத்துல உட்கார்ந்து பிரிச்சுக்கிறோம்.

நாள்: வியாழக்கிழமை
இடம்: வீடு

இப்படிக்கு,
தங்கள் முடிவுக்குக் காத்திருக்கும்,
(ஒப்பம்)
எழினியின் அப்பா

கைபேசி: அணைத்துவிட்டேன்.